ரைடர்களுக்குச் சோறு எங்கிருந்து வரும்? (ஃபால்அவுட் 4, நியூகா-வேர்ல்டு)

ஆடாதவர்களுக்கு: ஃபால்அவுட் 4 அணுப்போருக்குப் பிந்தைய பாஸ்டனில் நடக்கும் வீடியோ கேம். நியூகா-வேர்ல்டு, ஒரு பழைய கேளிக்கைப் பூங்காவில் நடக்கும் அதன் துணைப்பகுதி. ரைடர் என்றால் கொள்ளைக்காரன், ஓவர்பாஸ் அவர்களின் தலைவன், ஷாங்க் அவனுக்கு யோசனை சொல்லும் ஆள், அவுட்போஸ்ட் ரைடர்கள் பிடித்துத் தங்கும் ஊர், மினிட்மென் ஊர்களைக் காக்கும் படை.

கேள்வி: 3 மே 2024, இரவு 11.40

"அண்ணா, நியூகா-வேர்ல்டுல ஓவர்பாஸ் ஆயிட்டேன். ஷாங்க் காட்டின ஊரை எல்லாம் பிடிச்சு ரைடர்ங்க கையில குடுத்துட்டேன். இப்ப எந்த ஊருக்குப் போனாலும் சாப்பாடு சிவப்புல நிக்குது, மகிழ்ச்சி இறங்கிட்டே போகுது. வயல்ல ஆள் நிறுத்தலாம்னா ஒருத்தனும் நிக்க மாட்டேங்கிறான். இது பக் தானே? இந்த அவுட்போஸ்ட் சமாச்சாரமே வேஸ்ட்டுனு தோணுது. பேசாம மினிட்மென்னோடயே இருந்திருக்கலாம்."

4 மே, காலை

பக் இல்லை தம்பி. ரைடர் வயலில் இறங்க மாட்டான், ஆட்டத்தை அப்படித்தான் எழுதியிருக்கிறார்கள். காவலுக்கு நிற்பான், கடையில் உட்காருவான். செடி நடச் சொன்னால் நட மாட்டான். அவன் சாப்பாடு வேறொரு ஊரிலிருந்து வர வேண்டும். அதனால்தான் ஷாங்க் எல்லா ஊரையும் காலி செய்யச் சொல்வதில்லை, சிலவற்றை மிரட்டிப் பணிய வைக்கச் சொல்கிறான். அந்த ஊர்களில் குடியானவர்கள் இருந்த இடத்திலேயே இருப்பார்கள், அவர்கள் விளைவிப்பதில் உன் கூட்டம் சாப்பிடும். நீ எல்லாவற்றையும் அவுட்போஸ்ட் ஆக்கிவிட்டாய். விதைக்க ஒருத்தரும் மிச்சமில்லை.

வேஸ்ட் என்பதை ஒப்புக்கொள்ள மாட்டேன். இந்த ஆட்டத்தில் எனக்கு ரொம்பப் பிடித்த பகுதியே இதுதான். மாலை விரிவாக எழுதுகிறேன்.

4 மே, மாலை

கணக்கை முதலில் சொல்லிவிடுகிறேன்.

ஓர் ஊரில் எத்தனை பேர் சேர்வார்கள்? பத்தும் உன் கரிஸ்மா (பேச்சால் கவரும் திறன்) எண்ணும். கரிஸ்மா 6 என்றால் 16 பேர். ஒவ்வொருவருக்கும் ஒரு பங்கு உணவு, ஒரு பங்கு தண்ணீர், கூரைக்குக் கீழே ஒரு படுக்கை. வயலில் நிற்கும் ஒரு ஆள் 6 பங்கு உணவு வரை பார்த்துக்கொள்வார். மட்ஃப்ரூட் என்கிற பழம் என்றால் செடிக்கு 1 பங்கு, ஆறு செடி போதும். சோளம், டாட்டோ, கேரட் எல்லாம் செடிக்கு அரைப் பங்குதான், பன்னிரண்டு நட வேண்டும். அதனால் எங்கே போனாலும் மட்ஃப்ரூட் கையில் இருக்கட்டும்.

ஒருத்தர் உழைத்தால் ஆறு பேர் சாப்பிடலாம் என்று ஆட்டம் வைத்திருக்கிறது. அவருக்குப் போக ஐந்து பேர் சாப்பாடு மிச்சம். கொள்ளைக்கூட்டம் முழுவதும் அந்த மிச்சத்தில்தான் உட்கார்ந்திருக்கிறது. உன் வரைபடத்தில் ஐந்து ரைடருக்கு ஒரு குடியானவர்கூட இல்லை, அப்புறம் சாப்பாட்டு எண் சிவப்பில் நிற்காமல் என்ன செய்யும்?

எந்த ஊரை எதற்கு வைப்பது என்பதில் என் பழக்கம் இது: ஏற்கனவே வயல் போட்டு, குடும்பமாக ஆள் இருக்கிற இடங்களைத் தொடவே மாட்டேன். ஆபர்நாத்தி பண்ணை, ஃபின்ச் பண்ணை, வார்விக், கிரீன்டாப் நர்சரி, நார்ட்ஹேகன் கடற்கரை. இவை எல்லாம் கப்பம் கட்டும் ஊர்கள். வயலுக்கு இடமில்லாத, சுவரும் சந்துமாக இருக்கிற இடம்தான் அவுட்போஸ்ட்டுக்கு. ஹேங்மேன்ஸ் ஆலி அதற்கென்றே செய்த மாதிரி இருக்கும். இரண்டு பக்கம் கட்டடம், நுழைய விரல்விட்டு எண்ணும் வழிகள், நடுவே ஒண்டிக்கொள்ள இடம். அங்கே ரைடர்கள்தான் முதலிலிருந்தே இருக்கிறார்கள்.

5 மே

"கொள்ளைக்காரனா விளையாடறதுல என்ன பெருமை?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நேர்மையான கேள்வி. மினிட்மென் படையின் பிரெஸ்டன் கார்வியும் அதையே கேட்பார். ரைடர்களுக்கு ஓர் ஊரைப் பிடித்துக் கொடுத்தால் அதற்குப் பிறகு அவர் உன்னோடு துணைக்கு நடக்கவே மாட்டார். மனம் மாறுவதும் இல்லை. அவர் செய்வது சரிதான். குயின்சியில் தன் ஆட்களை இழந்துவிட்டு, மிச்சமிருந்த சிலரை ஊர் ஊராகக் கூட்டிக்கொண்டு அலைந்தவர் அவர். நீ ரைடர் கொடியை நட்டுவிட்டு அவர் முன்னால் போய் நின்றால் வேறென்ன சொல்வார்?

நான் விளையாடுவது பெருமைக்காக இல்லை. மினிட்மென் பக்கம் நின்று விளையாடும்போது ரைடர் என்பவன் சுடப்படும் ஆள், அவ்வளவுதான். அவன் நேற்று என்ன சாப்பிட்டான் என்று யோசிக்கவே வாய்ப்பு வராது. ஓவர்பாஸாக உட்கார்ந்தால் தினமும் யோசிக்க வேண்டியது அது ஒன்றுதான்.

5 மே, இரவு

மேலே எழுதியதை விட்டுத் தூங்க முடியவில்லை, அதனால் இதையும் எழுதுகிறேன்.

நியூகா-வேர்ல்டு 2016 ஆகஸ்ட் 30 அன்று வந்தது. ஆனால் கொள்ளையும் சோறும் என்கிற கதை, 2015 நவம்பர் 10 அன்று வந்த மூல ஆட்டத்திலேயே சிதறிக் கிடக்கிறது. கம்ப்யூட்டர் திரைகளில் இருக்கும் குறிப்புகளை நிதானமாகப் படிக்கிறவர்களுக்குத்தான் கிடைக்கும். மூன்றைச் சொல்கிறேன்.

லிபர்டாலியா. உடைந்த கப்பல்களின் மேல் பலகை அடித்துக் கட்டிய ஊர். மேலே ஏறி, கேப்டன் அறையில் அந்தக் கூட்டத்தின் தலைவன் வயர் எழுதி வைத்ததைப் படியுங்கள். அந்தக் கூட்டம் ஒரு காலத்தில் மினிட்மென். ஊர்களைக் காப்பாற்றக் கிளம்பியவர்கள், அதே ஊர்களைப் பறித்துத் தின்னும் இடத்துக்கு வந்து நிற்கிறார்கள். பிரெஸ்டனும் அவர்களும் ஒரே படையிலிருந்து பிரிந்த இரண்டு கிளைகள். இதைப் படித்த பிறகு லிபர்டாலியாவுக்குள் சுட்டுக்கொண்டே போக எனக்குக் கை வருவதில்லை.

இரண்டாவது, ரெட் டூரட், டவர் டாம் என்ற இரண்டு ரைடர் தலைவர்கள். ரெட்டின் கூட்டம் அரசாங்க உணவுக் கிடங்கில் இருக்கிறது. டாம் சாராய ஆலையில் இருக்கிறான். டாம் ரெட்டின் கூடப்பிறந்தவளைப் பிடித்து வைத்துக்கொண்டு ரெட்டிடமிருந்தே கப்பம் வாங்குகிறான். ரைடருக்கே ரைடர் கப்பம். அந்தப் பெண் லில்லி ஏற்கனவே செத்துவிட்டாள் என்பது ரெட்டுக்குத் தெரியாது. இரண்டு இடத்துத் திரைகளையும் படித்தால்தான் இது புரியும், ஒன்றை மட்டும் படித்தவருக்குப் பாதிக் கதைதான்.

மூன்றாவது ஆபர்நாத்தி பண்ணை. வீட்டருகே ஒரு கல்லறை இருக்கும், மகள் மேரி. ரைடர்கள் வந்தபோது கொன்றுவிட்டார்கள். பிளேக் ஆபர்நாத்தி உன்னிடம் கேட்பது பழிக்குப் பழி இல்லை. மகளின் லாக்கெட்டை எடுத்து வா என்கிறார். சேட்டிலைட் நிலையத்தில் இருக்கும் கூட்டத்திடம் அது கிடக்கிறது. எடுத்துக் கொடுத்தால் மறுபடி வயலுக்குப் போய்விடுவார்.

இந்த மூன்றையும் மனதில் வைத்துக்கொண்டு அதே ஆபர்நாத்தி பண்ணைக்குக் கப்பம் கேட்கப் போய்ப் பாருங்கள். நியூகா-வேர்ல்டை வெறும் சுட்டுத்தள்ளும் துணைப்பகுதி என்று சொல்கிறவர்கள் உண்டு. அந்த வாசலில் நின்றபோது எனக்கு அப்படித் தோன்றவில்லை.

6 மே

ஏப்ரல் 25 அப்டேட்டுக்குப் பிறகு மோட் (ஆடுபவர்கள் செய்து சேர்க்கும் மாற்றங்கள்) வேலை செய்யவில்லை என்று மூன்று பேர் கேட்டிருக்கிறீர்கள். ஸ்க்ரிப்ட் எக்ஸ்டெண்டர் என்கிற துணை நிரலை நம்பியிருக்கும் மோட் எல்லாம் அப்படித்தான் நின்றுபோனது. பழைய பதிப்பை காப்பி எடுத்து வைத்திருப்பவர்கள் அதிலேயே ஆடுங்கள். சேவ் கோப்புறையையும் தனியாக எடுத்து வையுங்கள். அப்டேட்டைப் பற்றிய மற்ற சண்டை வேறு இழையில் நடக்கிறது, அங்கே போங்கள்.

8 மே

தம்பி கேட்ட ஒட்டுப்பசை விஷயம். துப்பாக்கி மாற்றியமைக்கப் பசை போதவில்லை என்றால் கடையில் வாங்காதே, சமையல் அடுப்பில் மாவுச்சத்து செய். சோளம் 3, மட்ஃப்ரூட் 3, டாட்டோ 3, சுத்தத் தண்ணீர் 1. ஒரு தடவைக்கு 5 பசை கிடைக்கும். கப்பம் கட்டும் ஊரில் இந்த மூன்று பயிரும் இருந்தால் அவுட்போஸ்ட் ஆட்களின் ஆயுதம் எல்லாம் அங்கிருந்தே தேறிவிடும்.

சேலத்துக்காரனுக்கு இது சொல்லித்தர வேண்டிய சங்கதியா? ஆத்தூர் போகும் வழியெல்லாம் மரவள்ளிதான். நாங்கள் குச்சிக்கிழங்கு என்போம். கிழங்கை அரைத்து, பாலை எடுத்து, படிய வைத்தால் மாவு. பாதி ஜவ்வரிசியாகப் போகிறது, மீதி மாவாகவே போகிறது. நூலுக்குக் கஞ்சி போடவும், பசை காய்ச்சவும் இந்த மாவுதான். நான் அம்மாபேட்டையில் தறிச் சத்தத்துக்கு நடுவே வளர்ந்தவன். பாவு நூலில் கஞ்சி காயும் மணம் எனக்கு நல்ல பழக்கம். பாஸ்டனில் எவனோ சோளத்தையும் தக்காளி மாதிரி ஒன்றையும் காய்ச்சிப் பசை எடுப்பதைப் பார்த்தபோது, இதை எழுதியவர் யாரோ விவரம் தெரிந்தவர் என்று பட்டது.

8 மே, இரவு

குச்சிக்கிழங்கைப் பற்றி எழுதியதும் வாழப்பாடி மாமா ஞாபகம் வந்துவிட்டது. இது ஆட்டத்தோடு சம்பந்தப்பட்டதுதான், பொறுமையாகப் படியுங்கள்.

மாமா பல வருஷம் கிழங்கு போட்டார். ஆலைக்கு லோடு போனால் அங்கே பாயிண்ட் பார்ப்பார்கள், கிழங்கில் மாவு எவ்வளவு என்று. பாயிண்ட்டுக்கு இவ்வளவு என்று விலை. பார்ப்பது அவர்கள், எழுதுவது அவர்கள். ஒரு வருஷம் எல்லா லோடுக்கும் பாயிண்ட் குறைவாகவே வந்தது. மாமா சண்டை போடவில்லை. கேட்டதற்கு, "வெட்டின கிழங்கை வெச்சுக்கிட்டு எங்க போறது? ரெண்டு நாள்ல அழுகிப்போயிடும்" என்றார். கொடுத்த பணத்தை வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். அடுத்த பட்டத்தில் கிழங்கு போடவில்லை. பாக்கு வைத்துவிட்டார். பக்கத்துக் காட்டுக்காரரும் வைத்தார். அந்த ஆலையின் ஆள், கிழங்கு வேண்டும் என்று வீட்டு வாசலுக்கே வந்ததை நானே பார்த்தேன்.

நியூகா-வேர்ல்டில் எனக்கு இருக்கிற ஒரே பெரிய குறை இங்கேதான். ரைடர் பயிரிட மாட்டான் என்பதைச் சரியாகப் பிடித்தவர்கள், பயிரிடுகிறவர் என்ன செய்வார் என்பதை எழுதவே இல்லை. ஆபர்நாத்திக்காரர் பாக்குக்கு மாற மாட்டார். விளைச்சலைக் குறைத்துக் காட்ட மாட்டார். ராத்திரியோடு ராத்திரியாக மூட்டை கட்டிக்கொண்டு கிளம்ப மாட்டார். நீ வரும்போது முறைப்பார், நாலு வசனம் பேசுவார், அவ்வளவு. மகிழ்ச்சி எண் இறங்கும். எண் இறங்குவது ஒரு மனிதரின் முடிவு ஆகுமா?

9 மே

"அது கேம் அண்ணா, எல்லாத்தையும் வைக்க முடியுமா" என்கிறீர்கள். வைக்க முடியும். கென்ஷியை எடுத்துக்கொள்ளுங்கள், 2018 டிசம்பரில் முழுதாக வந்த ஆட்டம், சின்னக் குழு செய்தது. அங்கே நீ பாலைவனத்தில் வீடு கட்டிக் கொஞ்சம் பயிர் வைத்தால் போதும். பட்டினிக் கொள்ளையர் ஒரு பக்கம் வருவார்கள், வரி கேட்பவர்கள் ஒரு பக்கம் வருவார்கள். ஒவ்வொரு ஆளுக்கும் பசி தனித்தனியாக ஏறும். அதில் நான் குடியானவனாகத்தான் ஆடுவேன். அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

நியூகா-வேர்ல்டு வரைக்கும் போகாமலே ரைடர் ஆட்சி நடத்த ஆசையுள்ளவர்களுக்கு சிம் செட்டில்மென்ட்ஸ் மோடின் கான்கரர் பகுதி இருக்கிறது. உன் கூட்டத்தை வைத்து ஊர் ஊராகப் பிடிக்கலாம்.

11 மே

அக்கா மகன் லீவுக்கு வந்திருக்கிறான். நான் ஆடுவதைப் பார்த்துவிட்டு, "மாமா, ஏற்காட்டுல ஒரு அவுட்போஸ்ட் போட்டா எவனும் பிடிக்க முடியாதுல்ல?" என்று கேட்டான். இரண்டு பேரும் ராத்திரி முழுக்க அதையே பேசினோம். அவன் சொன்னதையும் சேர்த்து எழுதுகிறேன்.

காவலுக்கு ஏற்காட்டை அடிக்க முடியாது. சேலத்திலிருந்து ஏறினால் 20 கொண்டை ஊசி வளைவு. எந்த வளைவில் ஆள் நிறுத்தினாலும் கீழே வருகிற வண்டியின் சத்தம் முன்னாலேயே கேட்டுவிடும். ஆனால் பாதை அது ஒன்று மட்டும் இல்லை. குப்பனூரிலிருந்து கொட்டச்சேடு வழியாக இன்னொன்று ஏறுகிறது. பையன் அதை மறந்துவிட்டான். இரண்டுக்கும் காவல் வேண்டும், அப்புறம் எஸ்டேட்டுகளுக்குள் போகும் ஒற்றையடிப் பாதைகள். மலையை முழுக்க அடைப்பது நடக்காத காரியம்.

தண்ணீருக்கு ஏரி இருக்கிறது. கூரைக்கு எஸ்டேட் பங்களாக்கள். குளிருக்கு விறகு.

சாப்பாடு? இங்கேதான் பையன் யோசித்தான். காப்பி இருக்கிறது. 1820-களில் கலெக்டர் காக்பர்ன் கொண்டுவந்து வைத்ததிலிருந்து மலை முழுக்கக் காப்பி. நிழல் மரத்தில் மிளகுக் கொடி. ஆரஞ்சு, பலா, கொய்யா. காப்பியும் மிளகும் மூட்டை மூட்டையாக வைத்திருந்தாலும் ராத்திரிச் சோற்றுக்கு ஆகுமா? மலையில் உண்மையாகவே உணவு விளைவித்தவர்கள் மலையாளிப் பழங்குடி மக்கள். சாமை, ராகி, தினை. அவரவர் ஊர் சாப்பிடுகிற அளவுக்கு விளைவித்தார்கள், மேலே உட்கார்ந்து தின்னும் ஒரு கூட்டத்துக்காக இல்லை. அந்தச் சாமையைப் பறித்தால் ஒரு பருவம் ஓடும். அடுத்த பருவம் விதைத் தானியமே இருக்காது.

அப்புறம் உப்பு. மலையில் உப்பு ஏது? எண்ணெய், துணி, மருந்து எல்லாம் கீழிருந்துதான். ஆக மலைமேல் இருக்கிற கூட்டம் ஒன்று கீழே இறங்கிப் பறிக்க வேண்டும், அல்லது மிளகை இறக்கி, செவ்வாய்ப்பேட்டையில் அரிசிக்கும் உப்புக்கும் மாற்ற வேண்டும். மாற்ற ஆரம்பித்துவிட்டால் அவன் ரைடரா வியாபாரியா? இந்தக் கேள்வியைக் கேட்டுவிட்டுப் பையன் தூங்கிவிட்டான்.

12 மே

நேற்றையதைப் படித்துவிட்டு ஒருவர், "அப்போ லீ பஜாரைப் பிடிச்சவன்தான் உண்மையான ஓவர்பாஸ்" என்று எழுதியிருக்கிறார். ரொம்பச் சரியாகப் பிடித்தீர்கள். தானிய மண்டி யார் கையில் இருக்கிறதோ அவர்களுக்கு வளைவுகளில் ஆள் நிறுத்தும் வேலையே இல்லை. ஆட்டத்திலும் இது உண்டு. பங்கர் ஹில்லைப் பாருங்கள். வியாபாரிகள் ஊர், சுற்றி எல்லாக் கூட்டத்துக்கும் காசு கொடுத்துவிட்டு நடுவில் கடை நடத்துகிறார்கள்.

13 மே

ஆட்டத்துக்குள்ளேயே ஒரு சேலம் இருக்கிறது, பார்த்தீர்களா? மாசசூசெட்ஸ் சேலம். வரைபடத்தின் வடகிழக்கு மூலையில். சூனியக்காரி அருங்காட்சியகத்தில் டெத்கிளா என்கிற கொடிய மிருகம் இருக்கும், அதனால் பலர் அங்கே பயந்துகொண்டே போய்விட்டு ஓடி வந்துவிடுவார்கள். இன்னும் கொஞ்சம் நடந்தால் பார்னி ரூக் என்று ஒரு பெரியவர். சேலம் தன்னார்வக் காவல் படையின் கடைசி ஆள். ஊரில் வேறு யாரும் இல்லை. மயர்லர்க் நண்டுகள் ஊரை எடுத்துக்கொண்டுவிட்டன. அவர் மட்டும் துப்பாக்கியோடு, டரெட்டுகளை (தானாகச் சுடும் துப்பாக்கிகளை) ஓட வைத்தால் ஊர் மீண்டுவிடும் என்று நம்பிக்கொண்டு நிற்கிறார்.

முதல் தடவை அவருக்கு உதவியபோது சந்தோஷமாக இருந்தது. இந்த இழை ஆரம்பித்த பிறகு நேற்று மறுபடி போனேன். டரெட் ஓடுகிறது, காவல் இருக்கிறது. நட்டு அறுக்க ஆள் இல்லை. அங்கே நம்மால் ஊர் கட்டவும் முடியாது. ரைடர் அவுட்போஸ்ட்டுக்குக் கப்பம் நின்றுபோனால் அது எப்படி ஆகும் என்று தெரிய வேண்டுமானால் பார்னியின் தெருவுக்குப் போய்ப் பாருங்கள்.

15 மே

8-ஆம் தேதி எழுதியதைத் திரும்ப யோசித்தேன். குடியானவருக்கு மறுப்பு இல்லை என்று எழுதினேன். அதோடு இன்னொன்றும் சேர வேண்டும்: ரைடருக்குக் கடமை இல்லை.

நம் பக்கம் பழைய காலத்தில் காவல்காரர் முறை இருந்தது. ஊர் அவருக்குத் தானியமாகப் பங்கு கொடுக்கும். அதற்குப் பதில், மாடோ நகையோ களவு போனால் அவர் கண்டுபிடித்துத் தர வேண்டும், முடியாவிட்டால் ஈடு கட்ட வேண்டும். காவல்காரரே வேறு ஊரில் களவு செய்கிறவராக இருந்ததும் உண்டு. ஆனால் பங்கு வாங்கின ஊருக்கு அவர் பதில் சொல்லியே ஆக வேண்டும்.

பதில் சொல்லாதபோது ஊர் என்ன செய்தது என்பதற்கும் கல்வெட்டு இருக்கிறது. 1429-இல் காவிரிக் கரையில், கொறுக்கை போன்ற ஊர்களில், வலங்கைச் சாதிகள் 98, இடங்கைச் சாதிகள் 98 என்று தங்களுக்குள் மோதிக்கொண்டிருந்தவர்களே ஒன்றாக உட்கார்ந்தார்கள். விஜயநகர அதிகாரிகளும் நிலக்காரர்களும் வாங்கும் அநியாய வரியைக் கொடுப்பதில்லை, நியாயமாக எவ்வளவோ அவ்வளவுதான் என்று முடிவு செய்து கோயில் சுவரிலேயே வெட்டி வைத்துவிட்டார்கள்.

இப்போது ஆபர்நாத்தி, ஃபின்ச், வார்விக் மூன்று குடும்பமும் ஒரு ராத்திரி கூடிப் பேசினால்? ஆட்டத்தில் அந்தக் குடும்பங்கள் ஒன்றையொன்று சந்திப்பதே கிடையாது. நான் கப்பம் கட்டும் ஊர்களில் சொந்தச் செலவில் டரெட் வைப்பது இதற்காகத்தான். யாரும் வைக்கச் சொல்வதில்லை. உணவும் தண்ணீரும் எவ்வளவு விளைகிறதோ அந்தக் கூட்டுத்தொகைக்கு மேல் பாதுகாப்பு எண் இருந்தால் தாக்குதல் குறையும் என்பது ஆட்டத்தின் கணக்கு. பங்கு வாங்கினால் காவல் கொடுக்க வேண்டும் என்பது என் கணக்கு.

16 மே

கூட்டங்களைப் பற்றிக் கேட்டவர்களுக்கு.

நியூகா-வேர்ல்டில் மூன்று ரைடர் கூட்டங்கள்: டிசைப்பிள்ஸ், ஆபரேட்டர்ஸ், பேக். பூங்காவின் ஐந்து பகுதிகளையும் பங்கு போடும்போது எல்லாரையும் சமமாகத் திருப்திப்படுத்தலாம் என்று மெனக்கெடாதீர்கள். பவர் ப்ளே குவெஸ்ட்டில் யாருக்குக் குறைவாகக் கிடைத்ததோ அந்தக் கூட்டம் எதிராகத் திரும்பும். யாரோடு சண்டை வேண்டும் என்பதை முதல் கொடி நடும்போதே முடிவு செய்துவிடுங்கள். என் தேர்வு: மேக்ஸ் பிளாக்கின் ஆபரேட்டர்ஸ் இருக்கட்டும், பேக் இருக்கட்டும், நிஷாவின் டிசைப்பிள்ஸ் போகட்டும். ஆபரேட்டர்ஸுக்குக் காசு வேண்டும். காசு வேண்டுமென்றால் கொடுக்கிறவர் உயிரோடு இருக்க வேண்டும் என்பது அவர்களுக்குப் புரியும். டிசைப்பிள்ஸுக்கு ரத்தம்தான் வேண்டும். அவர்களைக் குடியானவர் ஊர்ப் பக்கம் அனுப்ப எனக்கு மனசு வரவில்லை.

அவுட்போஸ்ட்டுக்கு ஊர் எடுக்கும்போது பேசியும் அனுப்பலாம், மூடிகள் (ஆட்டத்தின் காசு) கொடுத்தும் அனுப்பலாம், சுட்டும் எடுக்கலாம். கரிஸ்மா இருந்தால் பேசுங்கள். இல்லையென்றால் காசு கொடுங்கள்.

இந்தக் கூட்டங்களே வேண்டாம் என்பவர்களுக்கு, அவர்களை ஒழித்துக்கட்டும் ஓப்பன் சீசன் குவெஸ்ட் இருக்கிறது. நியூகா-டவுன் சந்தையில் கழுத்தில் அடிமைப் பட்டை மாட்டி வியாபாரம் செய்கிறவர்களைப் பார்த்துவிட்டுப் பலர் அங்கேயே அந்த முடிவுக்கு வந்துவிடுகிறார்கள். டாக்டர் மெக்கென்ஸியிடம் பேசுங்கள். அதையும் ஒரு தடவை ஆடியிருக்கிறேன். தலைவர்கள் செத்து, பட்டைகள் கழன்ற பிறகு சந்தையில் நடந்து பார்த்தேன். நல்ல முடிவு அது.

18 மே

கேள்வி கேட்ட தம்பி மறுபடி எழுதியிருக்கிறார். "பழைய சேவ்ல இருந்து ஆரம்பிச்சுட்டேன் அண்ணா. நீங்க சொன்ன பண்ணை எதையும் தொடல. ஹேங்மேன்ஸ் ஆலில பத்துப் பேர், சாப்பாடு பச்சைல நிக்குது. அடுத்து ஃபின்ச் பண்ணைக்குப் போய்க் கப்பம் பேசப் போறேன். வேற ஏதாச்சும் சொல்லணுமா?"

சொல்லணும். ஃபின்ச்சுக்கு ஜேக் என்று ஒரு பையன். விவசாயம் பிடிக்காமல் ஃபோர்ஜ்ட் என்கிற ரைடர் கூட்டத்தில் சேர ஓடிப்போயிருக்கிறான். சாகஸ் இரும்பாலைக்குள் இருக்கிறான். நம் ஊரில் இரும்பாலை என்றால் கஞ்சமலை அடிவாரத்து ஸ்டீல் பிளான்ட்தான் கண்ணில் வரும், இது தீயும் உருகிய இரும்புமாக வேறு மாதிரி இடம். ஸ்லாக் என்கிற தலைவன், கூட்டத்தில் சேர வேண்டுமானால் பிடித்து வைத்திருக்கும் ஒருவரைக் கொல் என்று அந்தப் பையன் கையில் ஆயுதத்தைக் கொடுத்து நிறுத்தியிருப்பான். நீ போய் நிற்கும்போது ஜேக் இன்னும் கொன்றிருக்க மாட்டான். சுடாதே, பேசு. கரிஸ்மா குறைவாக இருந்தால் நல்ல உடை மாட்டிக்கொண்டு போ, கரிஸ்மா கூட்டும் திராட்சை மென்டாட்ஸ் மாத்திரை ஒன்று போட்டுக்கொள். அவனை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, அப்புறம் ஃபின்ச்சிடம் கப்பம் பேசு. வயலில் ஒரு ஆள் கூடுவார்.